ஒரு நாள் பிந்திய குரல்

ஃபோக்கோ ஹார்ம்ஸின் குரல் அவனுக்கு ஒரு நாள் பின்னால் வந்துகொண்டிருந்தது. இன்று சாயங்காலம் அவன் எங்கே நின்று என்ன பேசினானோ, அது நாளைச் சாயங்காலம் அதே இடத்தில் கேட்கும். அவன் அங்கே இருக்கிறானா, இல்லையா என்பதைப் பற்றிக் குரல் கவலைப்படுவதில்லை. வடகடல் ஓரத்து ஊர்களில் இதை யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவும் இல்லை. வருஷத்தில் பாதி நாள் மூடுபனி விழுகிற ஊர்கள் அவை. எதிரே வருகிறவனின் முகமே அங்கே தாமதமாகத்தான் தெரியும்.

இது ஆரம்பித்தது 1971 இலையுதிர் காலத்தில், யேவர் ஊரின் பள்ளிக்கூட மண்டபத்தில். கரையோர ஊர்களுக்கெல்லாம் பஸ்ஸில் போய் நாடகம் போடும் கம்பெனியில் ஃபோக்கோ அப்போதுதான் சேர்ந்திருந்தான். முதல் காட்சிக்கு முன்னால் நடிகர்கள் ஒருவர் இடது தோளுக்கு மேல் ஒருவர் 'தோய், தோய், தோய்' என்று துப்புவதுபோல் செய்வார்கள். அது வாழ்த்து. வாங்கிக்கொள்கிறவர் வாயைத் திறக்கக் கூடாது. நன்றி சொன்னால் வாழ்த்து திரும்பிக்கொண்டு கடிக்கும் என்பது நாடகக்காரர்களின் நம்பிக்கை. ஃபோக்கோவுக்குத் துப்பியவள் ஆல்மூத் ப்ரூன்ஸ். பக்கத் திரைக்குப் பின்னால் உட்கார்ந்து, மறந்துபோகிறவர்களுக்கு வசனம் எடுத்துக் கொடுப்பது அவள் வேலை. அவளும் அந்த வருஷம்தான் சேர்ந்திருந்தாள்.

"ரொம்ப நன்றிங்க" என்றான் ஃபோக்கோ.

"அட லூசு! நன்றி சொல்லக் கூடாதுன்னு உனக்கு யாருமே சொல்லலையா?"

"எங்கப்பா போஸ்ட் மாஸ்டர். யார் எது குடுத்தாலும் நன்றி சொல்லித்தான் வாங்கணும்னு வளர்த்தாரு."

"எச்சிலைக் குடுத்தாலுமா?" என்று கேட்டு ஆல்மூத் சிரித்தாள். ஃபோக்கோவும் சிரித்தான். அதற்குப் பிறகு அவன் சொந்தமாகப் பேசிய எதுவும் பேசிய நாளில் கேட்கவில்லை.

மேடையில் ஒரு குறையும் இல்லை. நாடகாசிரியர் எழுதிய வசனம் அவன் வாயைவிட்டுச் சுடச்சுட வந்தது; கடைசி வரிசைக் காது மந்தமானவர் வரைக்கும் போனது. நாடகம் முடிந்து மண்டபத்து மூலையில் இருந்த பீர்க் கடைக்கு வந்து வாயைத் திறந்தபோதுதான் காற்று மட்டும் வந்தது. தொண்டை கட்டிக்கொண்டது என்று நினைத்தார்கள். மறுநாள் கம்பெனி வேறு ஊருக்குப் போய்விட்டது. காலி மண்டபத்தைப் பெருக்கிக்கொண்டிருந்தவர், ஆளில்லாத இடத்திலிருந்து "ஒரு பீர் குடுங்க, பெருசா" என்ற குரலைக் கேட்டார். நிரப்பி வைத்தார். யாரும் எடுக்கவில்லை என்றதும் அவரே குடித்துவிட்டார். டாக்டர் இருமல் மருந்து எழுதிக் கொடுத்தார். கம்பெனி இயக்குநர் க்வாஸ்ட், "மேடையில வருதுல்ல? அப்புறம் என்ன?" என்று விஷயத்தை முடித்துவிட்டார்.

போகப்போக விதி புரிந்தது. அடுத்தவர் எழுதியது உடனே வரும். சொந்தமாக நினைத்தது மறுநாள்தான் வரும். கம்பெனி எழுத்தாளர் இரக்கப்பட்டு அன்றாடத்துக்கு ஆகிற சில வசனங்களை எழுதிக் கொடுத்தார். 'ரெண்டு ரொட்டி குடுங்க', 'மழை வர்ற மாதிரி இருக்கு', 'பில் எவ்வளவு' என்பதுபோல. இவற்றை வைத்துக்கொண்டு ஃபோக்கோ முப்பது வயதைத் தாண்டினான். நடுவில் ஒரு நடிகையைக் கல்யாணமும் செய்துகொண்டான். அவள் புதன்கிழமை கோபித்துக்கொண்டால், அவன் கேட்ட மன்னிப்பு வியாழக்கிழமை வரும். அதற்குள் அவள் வேறொன்றுக்குக் கோபித்துக்கொண்டிருப்பாள். பழைய மன்னிப்பைப் புதுக் கோபத்துக்கு எப்படி ஏற்றுக்கொள்வது? அந்த வீட்டில் ஒரு சண்டைகூட முடிந்ததில்லை. இரண்டாவது குளிர்காலத்தில் அவள் போய்விட்டாள். "போகாதே" என்று அவன் சொன்னது மறுநாள் வாசற்படியில் கேட்டது. தபால்காரர் மட்டும் நின்றுகொண்டிருந்தார்.

ஓர் ஊரில் ஒரு நாள்; மறுநாள் வேறு ஊர். ஊர் ஊராகப் போகிற கம்பெனியில் இருப்பவனுக்கு இதைவிடப் பொல்லாத வியாதி இருக்க முடியாது. ஃபோக்கோ பேசியதெல்லாம் அவனுக்குப் பின்னால் காலி அறைகளில் விழுந்துகொண்டே வந்தது. விடுதிகளில் படுக்கை விரிப்பு மாற்ற வரும் பெண்கள் நேற்றைய "குட் நைட்"டுக்குப் பதில் சொல்லப் பழகிக்கொண்டார்கள். ரயிலில் பக்கத்து சீட்டுக்காரரிடம் அவன் சொன்னது மறுநாள் தண்டவாளத்தின்மேல் ஆகாயத்தில் கேட்கும். ஓல்டன்பர்க் பக்கத்துப் பசுக்கள் தலையைத் தூக்கிப் பார்க்கும்.

அவன் அதிகம் சொன்னது ஆல்மூத்திடம்தான். பஸ்ஸில் அவள் பக்கத்தில் உட்கார்ந்து சொன்னான். திரைக்குப் பின்னால் அவள் தெர்மாஸைத் திறக்கும்போது சொன்னான். அவன் வாயசைவைப் பார்த்து அவள், "நாளைக்கு வந்து கேட்டுக்கறேன் போ" என்பாள். வர முடியாது, பஸ் கிளம்பிவிடும். ஆக, கரையோரம் முழுக்க அந்த வாக்கியம் தெரியும். ஆல்மூத்துக்கு மட்டும் தெரியாது. விட்முண்டில் விடுதி நடத்தும் ஹில்கே ஒருநாள் படியிறங்கி வந்து புருஷனிடம் சொன்னாள்:

"மறுபடியும் அந்த நடிகர் குரல் நாலாம் நம்பர் ரூம்ல ஒத்திகை பார்க்குதுங்க. ஆல்மூத், என்கூடவே இருந்துடுறியான்னு கேக்குது."

"அந்தப் பொண்ணுகிட்ட நீதான் சொல்லேன்."

"நான் எதுக்கு? அது அவரு வாக்கியம். நான் சொன்னா என்னுது ஆயிடாதா?"

"அதுவும் சரிதான். எனக்கே நீ இன்னும் சொன்னதில்ல."

"உங்களுக்கு எதுக்கு? நீங்கதான் இங்கயே கிடக்குறீங்களே!"

அந்தக் கரையில் அடுத்தவர் பேச்சைச் சுமந்துகொண்டு போகிற வழக்கமே கிடையாது. ரொட்டிக் கடையிலும் தெரியும், படகுத் துறையிலும் தெரியும்; ஒருவரும் சொல்லவில்லை. ஃபோக்கோ ஒருமுறை காகிதத்தில் எழுதி நீட்டினான். ஆல்மூத் பிரிக்காமலே திருப்பிக் கொடுத்தாள். "நாள் முழுக்கக் காகிதத்தைத்தான்டா படிச்சுட்டிருக்கேன். கண்ணெல்லாம் எரியுது. வாயால சொல்ல வர்றப்போ சொல்லு."

எண்பத்து நான்கில் ஹாம்பர்க் தொலைக்காட்சிக்காரர்கள் அவனைக் கூப்பிட்டார்கள். துறைமுகத்தில் கப்பல்களுக்கு வழிகாட்டும் ஒரு மாலுமியின் கதை. வாரா வாரம் சாப்பாட்டு நேரத்துக்கு வந்தது. அடுத்த பத்துப் பன்னிரண்டு வருஷத்துக்கு ஜெர்மனியில் பாதி வீடுகள் ஃபோக்கோவின் குரலைக் கேட்டுக்கொண்டே உருளைக்கிழங்கு தின்றன. அது கம்பளிபோல இருக்கிறது என்று பெண்கள் எழுதினார்கள். தெருவில் அடையாளம் கண்டு ஓடி வருகிறவர்களிடம் அவன் வாயசைத்தான். ஒன்றும் கேட்காததால் தலைக்கனம் பிடித்தவன் என்று பேர் வாங்கினான். நேரடி ஒளிபரப்புப் பேட்டி ஒன்றுக்கும் போனான். கேள்வி கேட்டவருக்கு வேர்த்துக் கொட்டியது. மறுநாள் அதே அரங்கில் சமையல் நிகழ்ச்சி நடக்க, ஒருவர் முட்டைக்கோஸை நறுக்கிக்கொண்டிருந்தபோது பதில்கள் வரிசையாக வந்தன. "இல்லை, தனியாகத்தான் இருக்கிறேன். ஆமாம், கிறிஸ்துமஸுக்கும்." சமையல்காரர் கத்தியைக் கீழே வைத்து முழுசாகக் கேட்டுவிட்டு, பிறகு உப்புப் போட்டார்.

படப்பிடிப்பு இல்லாத மாதங்களில் அவன் பழைய பஸ்ஸுக்கே திரும்பி வந்தான்.

"ஹாம்பர்க்ல பெரிய ஆளாயிட்டே. இன்னும் ஏன்டா இந்த டப்பா பஸ்ல குலுங்குறே?" என்று ஆல்மூத் கேட்டாள்.

அவன் சொன்ன பதில் மறுநாள் அவுரிஷ் வாய்க்கால் பாலத்தின்மேல் கேட்டது. மீன் பிடித்துக்கொண்டிருந்த ஒருவர் தூண்டிலைத் தூக்காமல் தலையை மட்டும் ஆட்டினார்.

தொடர் முடிந்தது, தலை நரைத்தது. மேடையில் இப்போது அவனுக்கு ராஜாவின் அப்பா வேஷம். ஒரு வசந்த காலத்தில் ஆல்மூத் ஓய்வு பெற்றாள். பவேரியாவில் இருக்கும் தங்கையோடு போய் இருப்பது என்று முடிவு. சாமான்களெல்லாம் லாரியில் போயாயிற்று. சமையலறையில் ஒரு மேஜை, இரண்டு நாற்காலி, தேநீர்ப் பாத்திரம் மட்டும் மிச்சம். அவற்றைப் பக்கத்து வீட்டுக்குக் கொடுப்பதாகப் பேச்சு. அன்று சாயங்கால ரயிலுக்கு முன்னால் விடைபெற வந்த ஃபோக்கோவை உட்காரவைத்து, கோப்பையில் கற்கண்டு போட்டுத் தேநீர் ஊற்றினாள். மேலே பாலாடையை ஓரமாக விட்டாள்.

அந்தக் கரையில் விருந்தாளி போதும் என்று வாயால் சொல்வதில்லை. கோப்பைக்குள் ஸ்பூனைப் போட்டு வைப்பார். அதுவரை வீட்டுக்காரர் ஊற்றிக்கொண்டே இருக்க வேண்டும். நிறுத்தினால் வெளியே போ என்று சொன்னதுபோல. ஃபோக்கோ குடித்தான். வாயசைத்தான். ஸ்பூன் தட்டிலேயே கிடந்தது. ஆல்மூத் ஊற்றினாள். அவன் மறுபடி குடித்து மறுபடி வாயசைத்தான். அவள் மறுபடி ஊற்றினாள்.

"ஸ்பூனைப் போடு, ஃபோக்கோ. எனக்கு ரயில் இருக்கு."

அவன் கோப்பையை நீட்டினான்.

"ராஜாவோட அப்பாவுக்குத் தாகமோ? வயித்துல குளம் வெட்டிட்டு வந்திருக்கியாடா?"

அவன் சிரிக்கவில்லை. கண் கலங்கியிருந்தது. நெற்றியெல்லாம் வேர்வை. ஸ்பூனைக் கையில் எடுத்து, கோப்பையிலிருந்து எட்டாத தூரத்தில், மேஜையின் அந்தக் கோடியில் வைத்தான். ஆல்மூத் பாத்திரத்தைத் தூக்கினவள் அப்படியே நின்றாள். ஆயுள் முழுக்க, அடுத்த வார்த்தை எதுவென்று ஒருவன் திணறும் முகத்தைப் பார்த்தே தெரிந்துகொண்டவள் அவள். இவன் வார்த்தையை மறக்கவில்லை என்பது அவளுக்குத் தெரிந்தது.

"நாளைக்கு நான் இங்கே இருக்கணும்கிறே."

அவன் தலையாட்டினான். ரயில் பாலத்தைக் கடக்கும் சத்தம் கேட்டது. அவள் மீண்டும் தண்ணீரைச் சுடவைத்தாள்.

மறுநாள் இருவரும் அதே நாற்காலிகளில் உட்கார்ந்து காத்திருந்தார்கள். முதலில் ஒரு இருமல் கேட்டது. பிறகு, "சூடா இருக்கு" என்றது குரல். ஆல்மூத், "இதுக்கா என் ரயிலை விட்டேன்?" என்றாள். ஃபோக்கோ கையைக் காட்டி, பொறு என்றான். அதற்குப் பிறகு அது வந்தது. பள்ளிக்கூட மண்டபங்களிலும், நாலாம் நம்பர் அறையிலும், வாய்க்கால் பாலத்திலும் விழுந்து வீணான அதே வாக்கியம் கடைசியில் அதற்குரிய காதில் விழுந்தது. ஒவ்வொரு கோப்பைக்கும் ஒருமுறை சொல்லியிருந்ததால் திரும்பத் திரும்ப வந்தது. அவள் எல்லாவற்றையும் கேட்டாள். முகத்தைக் கைக்குட்டையில் துடைத்துக்கொண்டு, "முதல் தடவையே புரிஞ்சுதுடா, கழுதை" என்றாள். அன்றே தங்கைக்குப் போன் பண்ணி லாரியைத் திருப்பச் சொன்னாள்.

அதற்குப் பிறகு அவர்கள் எங்கேயும் அதிகம் போகவில்லை. போனால் பேசியதைக் கேட்க இன்னொரு நாள் தங்க வேண்டும். வீட்டில் ஆல்மூத் நேற்றைக்கு இன்று பதில் சொல்வாள். அவன் அதற்கு இன்று சொல்வதை நாளை கேட்பாள். மீனுக்கு உப்புப் போதாது என்ற புகார், அந்த மீன் தீர்ந்த பிறகுதான் வரும். பக்கத்து வீட்டுக்காரர்களுக்கு அவர்கள் அன்யோன்யமாகச் சண்டை போடுவதுபோலத்தான் கேட்டது. நிறைய வருஷம் அப்படிப் போனது.

ஒரு பிப்ரவரி மத்தியானம் ஃபோக்கோ சமையலறையில் உட்கார்ந்து எதையோ சொல்லிவிட்டு, நாற்காலியிலேயே கண்ணை மூடினான். எழுந்திருக்கவில்லை. மறுநாள் மத்தியானம் அடக்கக் காரியங்கள் பார்க்கிற தம்மன் வந்து எதிரே உட்கார்ந்தார். அறை குளிர்ந்து கிடந்தது. ஜன்னலைச் சாத்தலாமா என்று தம்மன் எழுந்தபோது குரல் கேட்டது.

"ஆல்மூத், அந்த ஜன்னலைச் சாத்திடாதே. கடல் தண்ணி வடியுற வாசனை வருது. கொஞ்ச நேரம் இருக்கட்டும்."

தம்மன் கையைக் கீழே இறக்கினார். அந்த ஊரில் பிறந்தவர். மறுபடி உட்கார்ந்து, தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு, இன்னும் ஏதாவது வருமா என்று கொஞ்ச நேரம் பொறுத்திருந்தார்.

"சரிடா, சாத்தல" என்றாள் ஆல்மூத்.

தம்மன் கோட்டுப் பொத்தானைப் போட்டுக்கொண்டு, பெட்டி ஓக் மரத்திலா, பைன் மரத்திலா என்று கேட்டார்.