முன் இடது தண்டு

"அரே, ஸைட் தோ பையா, ஸைட்!"

ரெனால்ட் கத்திக்கொண்டே ஓடினான். சயான் சிக்னலில் ஆட்டோ அசையவில்லை என்றதும் நடுரோட்டிலேயே குதித்துவிட்டான். நைன்டி ஃபீட் ரோடுக்குள் நுழைந்தபோது செருப்பின் வார் அறுந்தது. இரண்டையும் உதறிவிட்டு வெறுங்காலோடு ஓடினான். ஒரு தள்ளுவண்டி குறுக்கே வந்தது. அதைச் சுற்றிப் போக நேரமில்லை, தாண்டினான். வெங்காயக்காரன் திட்டியது பின்னால் தேய்ந்து மறைந்தது.

மணி ஐந்தே முக்கால். ஆறு மணிக்கு மாதா சப்பரம் மருந்துக்கடை முனைக்கு வந்துவிடும். அந்த முனையில் சந்து குறுகும். சப்பரம் நின்று, மெல்லத் திரும்ப வேண்டும். தூக்குபவர்கள் எட்டுப் பேரும் இரண்டு கைகளாலும் தண்டைப் பிடித்துக்கொண்டு அசையாமல் நிற்பார்கள். அங்கேதான் சுதன் காத்திருக்கிறான், செய்தித்தாளில் சுற்றிய சாப்பர் கத்தியோடு.

சுதன் தேடி வந்திருப்பது முன் இடது தண்டைப் பிடித்திருப்பவனை. அவன் பெயர் ஜிபின். ரெனால்டின் தம்பி.

ஓடியபடியே தம்பியின் நம்பரை மறுபடி அழுத்தினான். இந்த முறை எடுத்தார்கள். ஆனால் குரல் தம்பியுடையது அல்ல.

"ஆருலே... ரெனால்டா?" சேசம்மாள் மூச்சைப் பிடித்துக்கொண்டு கேட்டாள். மகனின் குரலைக் கேட்டு அவளுக்கு நான்கு மாதம் ஆகிறது.

"எம்மா, ஜிபின் எங்க? போனை அவன்கிட்ட குடு!"

"தண்டு பிடிக்கவன் போனு கொண்டு போவானால? கைய விட முடியுமா? வீட்டுல வச்சுட்டுப் போயிட்டான். மூட்டுவலி, நான் போகல. நீ வாரியாய்யா? உன் வேட்டிய தேச்சு வச்சிருக்கேன்..."

இணைப்பைத் துண்டித்தான். வேட்டி! உலகம் எங்கே போய்க்கொண்டிருக்கிறது, இந்த அம்மா வேட்டியைப் பற்றிப் பேசுகிறாள்.

போலீசுக்குப் போன் செய்தால்? வழியில் ஒருமுறை எண்ணை அழுத்திவிட்டு உடனே வெட்டினான். "உனக்கு எப்படித் தெரியும்?" என்பதுதான் முதல் கேள்வியாக இருக்கும். அதற்கு அவனிடம் இருந்தது ஒரே பதில். அதை அவன் இன்னும் தனக்குத்தானே கூடச் சொல்லிப் பார்க்கவில்லை.

அந்த இடத்தைச் சொன்னவனே ரெனால்ட்தான்.

ஒரு மணி நேரத்துக்கு முன்னால்தான் அவனுக்கு விஷயத்தின் முழு நிறமும் தெரிந்தது. சுனாபட்டியில் தாதா நகுலின் கேரம் ரூம். சுதன் செய்தித்தாளை மடித்து எதையோ சுற்றிக்கொண்டிருந்தான். பாண்டுப்பிலிருந்து போன மாதம் வந்த புது ஆள். அதிகம் பேசமாட்டான். அவன் வெளியே போனபின் ரெனால்ட் கேட்டான்:

"பாய், சாப்பர் எதுக்கு? கையைத்தானே உடைக்கப் போறோம்னீங்க?"

நகுல் கேரம் போர்டில் பவுடர் தூவிக்கொண்டிருந்தான். தாராவியில் வளர்ந்த மராத்திக்காரன். தமிழை இந்தி மாதிரி பேசுவான்.

"அரே ரெனால்ட், கோர்ட்ல கை பேசுமா? வாய்தானே பேசும்!"

சிரித்துவிட்டு ஸ்ட்ரைக்கரைச் சுண்டினான். காய் விழுந்தது.

போன வருடம் பஸ் ஸ்டாப்பில் ஒரு கடைக்காரரை நகுலின் ஆள் வெட்டியபோது அங்கே நின்ற எல்லோரும் முகத்தைத் திருப்பிக்கொண்டார்கள். மாட்டுங்காவில் ரத்தப் பரிசோதனை லேபில் வேலை முடித்து இறங்கிய ஜிபின் மட்டும் திருப்பிக்கொள்ளவில்லை. வருகிற செவ்வாய்க்கிழமை அவன் கோர்ட்டில் சாட்சி சொல்ல வேண்டும்.

"பாய்... என் தம்பி அவன்."

"போன வாரம் தம்பி இல்லையே? போன வாரம் துஷ்மன்னு சொன்னியே?"

ரெனால்ட் எழுந்து வெளியே வந்தான். முதலில் நடந்தான். தெருமுனை திரும்பியதும் ஓடினான்.

போன வாரம்!

மாதா சப்பரத்தின் முன் இடது தண்டு என்றால் தாராவித் தமிழ்க் கிறிஸ்தவர்களிடம் சும்மா இல்லை. சப்பரம் எந்தப் பக்கம் சாய வேண்டும், எங்கே நிற்க வேண்டும் என்று தோளாலேயே சொல்பவன் அவன்தான். முதன்முதலில் சப்பரம் செய்த நான்கு குடும்பங்களுக்கு முன்வரிசையின் நான்கு இடங்கள். இடது கோடி ரெனால்டின் அப்பா இன்னாசிமுத்துவின் குடும்பத்துக்கு. அப்பாவுக்குப் பிறகு மூத்த மகன். ரெனால்ட் பதினெட்டு வயதில் அந்தத் தண்டைத் தோளில் வாங்கினான். வாழ்க்கையில் அவனுக்கு என்று இருந்த ஒரே இடம் அது.

மற்றதெல்லாம் ஜிபினுடையது. மார்க் ஷீட் அவனுடையது, வேலை அவனுடையது, வீட்டுக்கு வருகிறவர்களின் பாராட்டும் அவனுடையது. "தம்பியப் பாத்தாவது படிலே" என்று இன்னாசிமுத்து சொல்லாத நாள் இல்லை. சோறு போடும்போது சொல்வார். நாலு பேர் முன்னால் சொல்வார். ஒரு அடிதடி கேசில் ரெனால்ட் ஆறு மாதம் ஜெயிலுக்குப் போனபோது, பார்க்க வந்த இடத்திலும் அதையேதான் சொன்னார்.

அந்த வருடம் செப்டம்பரில் சப்பரத்தின் முன் இடது தண்டில் ஜிபின் நின்றான்.

வெளியே வந்த அன்று யாரோ வாட்ஸப்பில் வந்த போட்டோவைக் காட்டினார்கள். வெள்ளை வேட்டி, தோளில் சும்மாடு, முகத்தில் வியர்வை. ரெனால்ட் வீட்டுக்குப் போகவில்லை. நகுலின் ஆட்கள் தங்கியிருந்த செம்பூர் ரூமுக்குப் போனான். மூன்று வருடமாக அங்கேதான். அவ்வப்போது அம்மாவிடம் மட்டும் போனில் இரண்டு வார்த்தை.

போன ஞாயிறு ஏதோ ஒரு ஆசையில் கோயிலுக்கு வந்தான். தண்டைத் திருப்பித் தரச்சொல்லி அப்பாவிடம் கேட்டுப் பார்க்கலாமா என்ற நப்பாசை. அறிவிப்புப் பலகையில் உபதேசியார் கையால் எழுதிய பட்டியல் ஒட்டியிருந்தது, யார் யாருக்கு எந்தத் தண்டு என்று. ரெனால்ட் படித்தது இந்தி மீடியம். தமிழ் பேசுவான், சண்டை போடுவான், பாடுவான். எழுத்து மட்டும் அவனுக்குக் கோலம் மாதிரி. படிக்கத்தான் என்ன தேவை? முற்றத்தில் ஜிபின் வெறும் தண்டைத் தோளில் வைத்து ஒத்திகை பார்த்துக்கொண்டிருந்தான். அது போதாதா?

திரும்பிப் போய் நகுலிடம் கொட்டினான். நகுல் டீ வாங்கிக் கொடுத்தான். குறுக்கே பேசாமல் கேட்டான். வீட்டில் யாரும் அவன் பேச்சை அத்தனை பொறுமையாகக் கேட்டதில்லை. கடைசியில் நகுல் கேட்டது ஒன்றே ஒன்றுதான்.

"தண்டு பிடிச்சா கையை விட முடியாதா?"

"முனை திரும்பற வரைக்கும் விடவே முடியாது பாய். விட்டா சப்பரம் சாஞ்சிடும்."

சொல்லும்போதே எதற்குக் கேட்கிறான் என்று புரிந்தது. "கையை உடைச்சா போதும்" என்றான் நகுல். கைதானே, போகட்டும் என்று ரெனால்ட் நினைத்துக்கொண்டான்.

மருந்துக்கடையின் பச்சைப் பலகை தெரிந்தது. தெருவடைத்துக் கூட்டம். பெண்கள் பாடிக்கொண்டு வந்தார்கள். முன்னால் இன்னாசிமுத்து வெண்குடையோடு. அவருக்குப் பின்னால் பூ அலங்காரத்தில் மாதா. முன் இடது தண்டில் ஜிபின், முழங்கை இரண்டும் மேலே, கழுத்து முழுசாகத் திறந்து.

மருந்துக்கடைப் படியில் சுதன் நின்றான். கக்கத்தில் செய்தித்தாள்.

ரெனால்ட் கூட்டத்துக்குள் தலையை நுழைத்தான். யார் காலையோ மிதித்தான். ஒரு அம்மாள் "கண்ணு தெரியலயா?" என்று முதுகில் அடித்தாள். சப்பரத்தின் அடியில் புகுந்து தம்பியின் பக்கத்தில் எழுந்தான்.

"விடுலே. நான் பிடிக்கேன்."

"ண்ணே!"

"பேசாத. உள்பக்கமா குனிஞ்சு போ. அங்க ரெண்டு போலீஸ்காரங்க நிக்காங்கள்லா, அவங்க நடுவுல போய் நில்லு. போ!"

ஜிபின் ஏன் என்று கேட்கவில்லை. மூன்று வருடம் கழித்து வந்த அண்ணனைப் பார்த்து அவன் முகம் மலர்ந்ததுதான் ரெனால்டால் தாங்க முடியவில்லை.

"வந்துட்டியாண்ணே" என்றான். தன் தோளில் இருந்த சும்மாட்டை எடுத்து அண்ணன் தோளில் வைத்தான். தண்டு கை மாறியது. ஜிபின் குனிந்து போய்விட்டான்.

பாரம் தோளில் இறங்கியது. சப்பரம் நின்றது. திரும்பத் தொடங்கியது.

சுதன் படியிறங்கினான். அவன் ஜிபினைப் போட்டோவில் மட்டும் பார்த்தவன். முகத்தை நம்பி வரவில்லை, இடத்தை நம்பி வந்தான். செய்தித்தாளுக்குள் கை போனது. பின்னாலிருந்து, இடப்பக்கமாக, சரியாகக் கழுத்துக்கு நேரே வந்தான்.

ரெனால்டின் இரண்டு கைகளும் தண்டில் இருந்தன. விட்டால் சப்பரம் பாடுகிற பெண்கள்மேல் சாயும். போன வாரம் டீ குடித்துக்கொண்டே சொன்ன வாக்கியம் அது. இப்போது அவன் கழுத்துக்கே அளவு எடுத்து வந்து நிற்கிறது.

முகத்தை மட்டும் திருப்பினான். வயிற்றிலிருந்து குரலை எடுத்தான்.

"ஏ சுதன்! பாண்டுப் சுதன்! கையில இருக்கத கீழ போடுலே!"

பாட்டு நின்றது. நூறு முகங்கள் ஒரே பக்கம் திரும்பின. பெயர் தெரியாத வரைக்கும்தான் அந்தத் தொழிலில் தைரியம். பெயரைச் சொல்லி நடுத்தெருவில் கூப்பிட்டால் கை வராது. சுதன் ரெனால்டைப் பார்த்தான். இவன் எப்படி இங்கே என்ற குழப்பம் அவன் முகத்தில் ஒரு நொடி நின்றது. அந்த ஒரு நொடி போதும். சாப்பர் சிமெண்ட் தரையில் சத்தத்தோடு விழுந்தது. ஓடப் பார்த்தவனை ஊர்வலப் பாதுகாப்புக்கு வந்திருந்த போலீஸ்காரர்கள் இருவரும் பத்தடிக்குள் பிடித்துவிட்டார்கள்.

இன்னாசிமுத்து திரும்பிப் பார்த்தார். தண்டில் மூத்த மகன். குடையை நிமிர்த்திப் பிடித்துக்கொண்டு சொன்னார்:

"பாட்ட நிப்பாட்டாதீக. சப்பரம் நடுவழியில நிக்கப்படாது."

கோயில் வாசலில் சப்பரத்தை இறக்கி வைத்தபோது மணி ஏழு. தூக்கியவர்கள் தோளைத் தேய்த்துக்கொண்டு டீக்கு ஒதுங்கினார்கள். அறிவிப்புப் பலகைக்குப் பக்கத்துப் படியில் அண்ணனும் தம்பியும் மட்டும் உட்கார்ந்திருந்தார்கள். ரெனால்டின் பாதத்தில் எங்கோ கண்ணாடி கிழித்திருந்தது. ஜிபின் கைக்குட்டையால் கட்டுப் போட்டான்.

"ஜிபின், அவனுவளுக்கு உன் இடத்தச் சொன்னது நான்தான்."

கட்டுப் போட்டுக்கொண்டிருந்த கை நின்றது.

"வெட்டுவானுவன்னு தெரியாது. கையத்தான் உடைப்பானுவன்னு நெனச்சேன்."

"கை உடைஞ்சா பரவால்லன்னு நெனச்ச."

"ஆமா."

தம்பி எழுந்து போய்விடுவான் என்று ரெனால்ட் எதிர்பார்த்தான். ஜிபின் முடிச்சை இறுக்கினான், கொஞ்சம் அதிகமாகவே.

"எம்மேல அப்படி என்னண்ணே?"

"இந்தத் தண்டு என்னோடதுலே. நான் உள்ள கிடந்தப்போ நீ எடுத்துக்கிட்ட. எல்லாத்தையும் எடுத்துக்கிட்ட, சரி. இதையும் அப்பா உனக்கே குடுத்துட்டாரு."

"எங்கிட்ட ஒரு வார்த்த கேட்டியா?"

"இல்ல."

"அப்பாகிட்ட?"

"இல்ல. நகுல்கிட்ட சொன்னேன்."

கோயிலுக்குள் யாரோ விளக்குகளை ஒவ்வொன்றாகப் போட்டுக்கொண்டிருந்தார்கள். ரெனால்ட் எழுந்து நின்றான். காயம்பட்ட காலை ஊன்றிப் பார்த்தான்.

"ஸ்டேஷனுக்குப் போறேன். சுதன யாரு அனுப்பினது, இடத்த யாரு சொன்னது, எல்லாத்தையும் சொல்லிடுதேன். என்னையும் உள்ள வைக்கட்டும். நகுல் என்னக் கெடுத்துட்டான்னு ஜட்ஜுகிட்ட அழமாட்டேன். வீட்டுக்குள்ள கேட்டுத் தீத்துக்க வேண்டிய பொறாமைய நான்தான் தெருவுக்குக் கொண்டு போனேன். கூடப் பொறந்தவன்மேல இருக்க எரிச்சல வாங்கித் தீட்டிக் கத்தியாக்குறதுக்குத் தெருவுல எப்பவும் ஒரு நகுல் ஒக்காந்திருக்கான். அவனுக்கு ஆள் பிடிக்க வேற ஒண்ணும் வேண்டாம், நம்ம வீட்டுல ஒருத்தன் வாயத் தொறந்து கேக்காம புழுங்கிக்கிட்டு இருந்தா போதும்."

"நானும் கூட வாரேன்" என்றான் ஜிபின். "அதுக்கு முன்னாடி இத ஒரு தடவ படி."

அறிவிப்புப் பலகையைக் காட்டினான்.

"எனக்குத் தமிழ் வராதுன்னு தெரிஞ்சும் நக்கலா?"

"நக்கலில்ல. வா."

ஜிபின் முதல் வரியின் அடியில் விரலை வைத்தான். சின்னப் பிள்ளைக்குச் சொல்வதுபோல் ஒவ்வொரு சொல்லாக நகர்த்தினான்.

"முன்... இடது... தண்டு. இ. ரெனால்ட்."

ரெனால்ட் தம்பியின் முகத்தைப் பார்த்தான். தம்பி விரலை அடுத்த வரிக்கு இறக்கினான்.

"அவர் வரும்வரை தாங்குபவர், தம்பி ஜிபின்."

உபதேசியார் பழைய பட்டியலைக் கிழிப்பதில்லை, அதன்மேலேயே புதியதை ஒட்டிவிடுவார். ஜிபின் காகிதத்தின் ஓரத்தை நகத்தால் மெல்ல உயர்த்தினான். அடியில் போன வருடப் பட்டியல். அதற்கும் அடியில் முந்தின வருடத்தது. ரெனால்டுக்கு எழுத்து தெரியாது. ஆனால் மூன்று தாளிலும் முதல் வரியில் இருந்த கோலம் ஒன்றேதான் என்பது தெரிந்தது.

"வருஷா வருஷம் உபதேசியார்கிட்ட உன் பேரச் சொல்லி எழுத வச்சது யாருன்னு நெனக்க?" என்றான் ஜிபின். "அப்பாதாண்ணே."