மன்னானா தந்த வெளிச்சம்

1

இந்தக் கதை ஒரு கண்ணாடி டம்ளரிலிருந்து வந்தது. ஸிலால் நகரத்துக்குப் போன புதிதில், ஒரு வீட்டு வாசற்படியில் ஆவி பறக்கும் புதினா டீயைப் பார்த்தேன். பக்கத்தில் ஆளில்லை. படியில் ஒரு தொப்பியின் நிழல் மட்டும் விழுந்து கிடந்தது.

"டீ யாருக்கும்மா?" என்று வீட்டுக்காரியைக் கேட்டேன்.

"பாத்தா தெரியல? தொப்பிக்கு."

ஸிலாலை வரைபடத்தில் தேட வேண்டாம். வரைய வந்தவர் நடுப்பகலில் வந்துவிட்டார். அந்த நேரத்தில் ஊர் மொத்தமும் நிழலோடு நிழலாகச் சுருண்டு சுவரடியில் கிடக்கும், கண்ணில் படாது. நான் அங்கேயே தங்கிவிட்டதால் எனக்குத் தெரியும். பொய் சொல்லும் பழக்கம் எனக்கில்லை.

2

முதலில் இப்படித் தொடங்கினேன்: "பாலைவனத்தின் ஓரத்தில், ஒளியும் இருளும் கைகோத்துக்கொண்டு..." எழுதும்போதே கொட்டாவி வந்தது. விட்டுவிட்டேன்.

பிறகு: "ஹம்தூன் மனைவியைப் பறிகொடுத்தவன். எதிர்வீட்டு மன்னானாவோ..." இதுவும் சரியில்லை. துக்கத்தை வாசலிலேயே கொட்டி வைத்தால் வாசகர் செருப்பைக் கழற்றாமலே திரும்பிப் போய்விடுவார்.

ஊர் வழக்கத்திலிருந்தே தொடங்குகிறேன். சாயங்காலம் யாருடைய நிழல் உங்கள் படியைத் தொடுகிறதோ அவர் உங்கள் விருந்தாளி. டீ வைத்தே ஆக வேண்டும். ஆள் வரத் தேவையில்லை.*

(*அதைக் குடிப்பது யார் என்று கேட்பீர்கள். நிழல் வாசனையை மட்டும் எடுத்துக்கொள்ளும். மிச்சத்தை வீட்டுக்காரர் குடிக்கலாம்.)

செருப்புக் கடை ஹம்தூனின் வீடு சந்தின் மேற்குப் பக்கம். பாதாம் மிட்டாய் விற்கும் மன்னானாவின் வீடு நேர் எதிரே. இருவருக்கும் தலை நரைத்துவிட்டது. இரண்டு வீட்டிலும் ஒற்றை ஆள். சாயங்காலமானால் ஹம்தூன் புறா பார்க்கிற சாக்கில் மொட்டைமாடியில் வந்து நிற்பான். அவன் தொப்பியின் நிழல் சந்தைக் கடந்துபோய் அவள் படியில் உட்காரும்.

(அவனிடம் புறா கிடையாது.)

3

எழுதிக்கொண்டு வரும்போது இந்த ஹம்தூன் மேல் எனக்குச் சந்தேகம் வந்தது. தும்மினால் கேட்கிற தூரம். இறங்கிப்போய்க் கதவைத் தட்டினால்தான் என்ன? மாடிக்கே போய்க் கேட்டேன். (அந்த ஊரில் அண்ணனைக் காக்கா என்பார்கள்.)

"நல்லா இருக்கே காக்கா! நிழலில்லாத நேரத்துல ஒருத்தன் வாசல்ல போய் நின்னா இந்த ஊர்ல என்ன அர்த்தம்?"

"என்ன அர்த்தம்?"

"ஒண்ணு, திருடன். இல்லேன்னா பொண்ணு கேட்டு வந்தவன்."

"நிழலோட போனா?"

"வெறும் விருந்தாளி. அதான் இங்கேருந்தே தெனமும் போறேனே."

"சரி, நீ திருடனா?"

"சேச்சே!"

"அப்ப அந்த இன்னொண்ணு?"

ஹம்தூன் அவசரமாக இல்லாத புறாவைத் தேட ஆரம்பித்தான்.

4

இங்கேதான் புஷ்தா வருகிறான். ஹம்தூனுக்குப் பின்வீட்டுக்காரன். மகனுக்குக் கல்யாணம், மாடிக்கு மேல் ஓர் அறை எழுப்ப வேண்டும். ஸிலாலில் சும்மா சுவர் எழுப்பிவிட முடியாது. எழும்பப் போகிற உயரத்துக்குக் கழி நட்டுத் துணி கட்ட வேண்டும். அதன் நிழல் விழும் வீட்டுக்காரர்கள் ஒவ்வொருவரும் "தந்தேன்" என்று சொல்ல வேண்டும். தர மனமில்லாதவர், அந்த வெளிச்சத்தில் தனக்கு என்ன இருந்தது என்று ஊரறியச் சொல்ல வேண்டும்.

"என் பூனை வெயில் காயிற இடம்பா அது," என்றாள் ரொட்டிக்காரன் மனைவி.

"பூனைக்கு என் மாடியில இடம் தர்றேன், தாயே! மெத்தையும் போடறேன்!"

"அப்ப தந்தேன். மெத்தைய மறந்துடாதே."

துணியின் நிழல் நகர்ந்து மன்னானாவின் படியை மூடியது. தொப்பி அதற்குள் காணாமல் போனது. மாடியில் ஹம்தூன் குதிகாலைத் தூக்கி நின்றான். போதவில்லை. தொப்பியைக் கழற்றி ஒரு குச்சியில் மாட்டி உயர்த்தினான். நிழலுக்குள் நிழல் எப்படித் தெரியும்? அது அவனுக்குத் தெரியாதா? இருந்தாலும் உயர்த்தினான்.

"லாத்தா," என்று மன்னானாவை அக்கா முறையில் கூப்பிட்டான் புஷ்தா, "நீங்க சொல்லுங்க. உங்க வெளிச்சத்துல என்ன இருக்கு?"

சந்தே மன்னானா பக்கம் திரும்பியது.

5

ஒரு முடிவு: மன்னானா "தரமாட்டேன்" என்கிறாள். எழுதிப் பார்த்தேன். கல்யாணத்துக்கு மிட்டாய் கிண்டுகிறவளே அவள்தான், அவ்வளவும் கசந்துபோனது. அடித்துவிட்டேன்.

இன்னொரு முடிவு: "ஒரு தொப்பி இருக்கு" என்கிறாள். சந்து சிரிக்கிறது. ஹம்தூன் அதற்குப் பிறகு ஆயுசுக்கும் மாடி ஏறவில்லை. இதைக் கிழித்தே போட்டேன்.

அவள் உண்மையில் சொன்னது இதுதான். குச்சியின் மேல் ஆடிய தொப்பியை நெடுநேரம் அண்ணாந்து பார்த்தாள்.

"தந்தேன்."

குச்சி மெல்லக் கீழே இறங்கியது. கதை முடிந்தது என்று நானும் பேனாவை வைத்துவிட்டேன். மனசு கேட்கவில்லை. அவள் வீட்டுக்குப் போனேன்.

"ஏம்மா தந்தே?"

பாதாமுக்குத் தோல் உரித்துக்கொண்டிருந்தவள் நிமிரவில்லை.

"இவ்வளவு எழுதறீங்க, இது புரியலையா காக்கா? இனிமே விருந்தாளியா வர வழியில்ல. வரணும்னா நிழலில்லாமத்தான் வரணும்."

"வராமலே இருந்துட்டா?"

உரித்த பாதாம் ஒன்று கையிலிருந்து நழுவி உருண்டது. அவள் எடுக்கவில்லை.

6

சுவர் எழும்பிவிட்டது. சாயங்காலச் சந்து முழுக்க ஒரே நிழல். மன்னானா இன்று டீயைப் படியில் வைக்கவில்லை. உள்ளே தட்டில் வைத்துவிட்டுக் கதவை ஒருக்களித்திருக்கிறாள்.

ஹம்தூன் கதவுக்கு முன்னால் நிற்கிறான். தொப்பி கையில். "தட்டினான்" என்று எழுதினேன், தட்டவில்லை. மறுபடியும் எழுதினேன், குனிந்து செருப்பு வாரைச் சரிசெய்தான். நான் எழுதுவதை என் ஆட்கள் என்றைக்குக் கேட்டிருக்கிறார்கள்?

இப்போது அவனுக்குப் பக்கத்தில் இருப்பது நீங்கள்தான். தயவுசெய்து கதவை நீங்கள் தட்டிவிடாதீர்கள். அந்த ஊரில் வாசகர்களுக்கு நிழல் கிடையாது. மன்னானா தப்பாக நினைத்துக்கொள்வாள். அவன் முதுகில் கையை வைத்து, லேசாக...

சீக்கிரம். டீ ஆறுகிறது.