குளிகையில் கொடுத்தது

ஓட்டில் இருந்த ஆணித்துளை வழியே இறங்கிய வெயில் முன்கூடமான பட்டாசலின் தரையில் எலுமிச்சை வில்லை போலக் கிடக்கிறது, என் வீட்டுக்காரர் முட்டி போட்டு அதன் கீழே ஒரு வெள்ளை அட்டையைச் சாய்த்துப் பிடிக்கிறார், சாய்க்காவிட்டால் வட்டம் நீண்டுவிடுமாம், இது வெறும் வெளிச்சம் இல்ல, சூரியனோட படம், என்கிறார், பிறகு பென்சிலால் வட்டத்தின் நடுவே ஒரு கரும்புள்ளி வைக்கிறார், இது யாரு என்கிறேன், குளிகன், இல்லாத ஆளுக்கு ஒரு நாற்காலி போட்டு வச்சிருக்கேன், என்கிறார். அன்று ஞாயிற்றுக்கிழமை, நாள்காட்டித் தாளின் அடியில் குளிகை மூன்று முதல் நாலரை என்று அச்சாகியிருக்கிறது, அவர் அறிவியல் வாத்தியார், குளிகனைப் பற்றிக் கேட்டால் இரண்டு கதையும் சொல்வார், சனியின் மகன், ஒன்பது பேர் வரிசையில் இடம் கிடைக்காதவன், அவன் நேரத்தில் எதைச் செய்தாலும் அது திரும்பத் திரும்ப நடக்கும், அதனால் அப்போது யாரும் பிணம் எடுக்கமாட்டார்கள், அது புராணம், எந்தத் தொலைநோக்கியிலும் அகப்படாதவன், எடை கிடையாது, ஒளி கிடையாது, பகலை எட்டாக வகுத்தால் சனிக்கு விழும் பங்குக்குப் பெயர் குளிகை, இது விஞ்ஞானம், ஒரு வகுத்தல் கணக்குக்குப் பயந்து ஊரே வாசல்ல நிக்கி பாத்தியா, என்று சிரிப்பார்.

வாசலில் நின்றது அவருடைய அக்காதான், சங்கரவடிவு மதினி, என்னைப் பெண் பார்க்க வந்த ஞாயிற்றுக்கிழமை பேருந்து பஞ்சராகி இவர்கள் எங்கள் தெருவுக்குள் நுழையும்போது மூன்றே கால், ஏ தம்பி, குளிகை வந்துட்டு, இப்பம் உள்ள போனா பொண்ணு பாக்கது திரும்பத் திரும்ப நடக்கும்டா, கல்யாணம் நடக்காது, நாலரை வரைக்கும் நில்லு, என்று தெருவிலேயே மறிக்கிறாள், நாலரைக்கு ராகுகாலம்லா தொடங்குது, பொறவு ஆறு மணி வரை நிக்கணும், என்கிறார் இவர், நான் ஜன்னல் கம்பிக்குப் பின்னால் காப்பித் தட்டோடு கேட்டுக்கொண்டிருக்கிறேன், திரும்பத் திரும்ப நடந்தா என்னக்கா, தெனமும் பாத்துக்கிடுதேன், என்று சொல்லிவிட்டுச் செருப்பைக் கழற்றி உள்ளே வந்துவிட்டார், சொன்னபடியே முப்பத்தோரு வருஷம் பார்த்தார், தலை பின்னும்போதும், நான் கோபத்தில் சட்டியைப் போட்டு உடைக்கும்போதும், கடைசி மாதம் மூச்சுக்குத் திணறும்போதும் கண்ணை மட்டும் என் மேலிருந்து எடுக்கவில்லை, இத யாருக்காவது குடுத்துரு, என்று தன் கண்ணைத் தொட்டுக் காட்டினார், சரி என்று நான் தலையாட்டியிருக்கிறேன்.

புதன்கிழமை விடிகாலை ஐந்தே முக்காலுக்குப் போய்விட்டார், ஆறு மணி நேரத்துக்குள் கருவிழியை எடுக்கவேண்டும், நான்தான் தொலைபேசியில் கூப்பிட்டேன், கண் வங்கி வண்டி வாசலில் வந்து நிற்கும்போது பத்தே முக்கால், மதினி விதவையாகி எங்களோடுதான் இருந்தாள், நாள்காட்டியைப் பார்த்துவிட்டு நிலைப்படியில் குறுக்கே உட்கார்ந்துவிட்டாள், பத்தரை முதல் பன்னிரண்டு குளிகை, யாரும் உள்ள வரக்கூடாது, இந்த வீட்டுல இன்னொரு சாவு விழணுமா, பன்னெண்டுக்கு மேல எடுத்துக்கிடட்டும், என்றாள், வண்டியில் வந்த டாக்டரம்மா மெதுவாக, பதினொண்ணே முக்காலுக்கு மேல எடுத்தா யாருக்கும் பிரயோஜனப்படாதும்மா, என்றாள், கூடம் நிறையச் சனம், எல்லாரும் என்னைப் பார்க்கிறார்கள், அவர் மட்டும் பார்க்கவில்லை, இமையின் மேல் யாரோ ஈரத்துணி போட்டிருக்கிறார்கள், நான் கொடுத்த ஒரே வாக்கு அந்தத் துணிக்கு அடியில் நிமிஷம் நிமிஷமாகக் கெட்டுக்கொண்டிருக்கிறது, குளிகன்னு ஒருத்தன் இல்லவே இல்ல மதினி, என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன், இத்தனை வருஷமாக அவர் சொல்லியும் கேட்காதவள் நான் சொல்லியா கேட்கப்போகிறாள், அதனால் வேறொன்று சொன்னேன், மதினி, சாவு அஞ்சே முக்காலுக்கு வந்தது, அது குளிகை இல்ல, குளிகையில இப்பம் நடக்கப்போறது சாவு இல்ல, குடுக்கது, குடுக்கதுதான திரும்பத் திரும்ப நடக்கும், நடக்கட்டுமே. மதினி என்னை அண்ணாந்து பார்த்தாள், உதடு கணக்குப் போட்டது, பக்கத்து வீட்டுத் தையல்காரர் பலவேசம், அட, வாத்தியார் பொண்டாட்டியும் வாத்தியாருதாம்வே, என்று பின்னால் முணுமுணுத்தது கேட்டது, மதினி நீட்டியிருந்த காலை மடக்கிக்கொண்டாள், அந்த ஒரு சாண் வழியாக டாக்டரம்மா உள்ளே போனாள், அப்போது மணி பதினொன்று.

அதற்குப் பிறகு நடந்ததை எப்படிச் சொல்ல, நாலு மாதத்தில் பலவேசத்தின் அம்மா, அடுத்த தையில் பூக்காரி உலகம்மாளின் வீட்டுக்காரர், தெருவில் ஒரு மூச்சு நின்றால் எனக்குத்தான் முதலில் சொல்லிவிடுகிறார்கள், ஒன்பது வருஷத்தில் பதினோரு பேர், இருபத்திரண்டு கண், யார் யாருக்குப் போனது என்று சொல்லமாட்டார்கள், அதனால் சந்தையில் எதிரே வருகிற எவரையும் நான் கொஞ்சம் நின்று பார்க்கிறேன். பன்னிரண்டாவது ஆள் மதினி, போன ஞாயிறு மத்தியானம் சாப்பிட்ட கையோடு சாய்ந்தவள் எழுந்திருக்கவில்லை, தலையணைக்கு அடியில் கிழித்த நாள்காட்டித் தாளின் பின்பக்கம் அவள் எழுத்து, ஞாயிறு மூன்று, திங்கள் ஒன்றரை, செவ்வாய் பன்னிரண்டு என்று ஏழு நாள் குளிகையும் வரிசையாக, கீழே, எந்தக் கிழமை போனாலும் என் கண்ணைக் குளிகையில்தான் எடுக்கணும், அப்பம்தான் நிக்காம நடக்கும். வண்டி இரண்டே முக்காலுக்கே வந்துவிட்டது, அதே டாக்டரம்மா, தலை நரைத்திருக்கிறது, தாளை வாசித்துவிட்டுச் சிரிப்பை அடக்கிக்கொண்டு, கால் மணி நேரந்தான, இருக்கோம், என்று வாசலில் நிற்கிறாள், குளிகைக்காக நிற்கிறாள், நீங்கள் இதைப் பார்த்திருக்கவேண்டும், என்று நான் மனசுக்குள் அவரிடம் சொல்லிக்கொள்கிறேன்.

மூன்று அடித்தது, அவர்கள் உள்ளே போனார்கள், நான் பட்டாசலில் தனியே நின்றேன், ஆணித்துளை வழியே வெயில் இறங்கி அதே இடத்தில் கிடந்தது, புத்தக அலமாரியிலிருந்து அந்த அட்டையை எடுத்தேன், பழுப்பேறிவிட்டது, பென்சில் புள்ளி மட்டும் அழியவில்லை, எனக்கு அவரைப் போலச் சாய்த்துப் பிடிக்கத் தெரியாது, தரையிலேயே வைத்தேன், வட்டம் நீண்டது, இரண்டு முனையும் ஒடுங்கி, நடுவில் கரும்புள்ளியோடு, வெளிச்சமாக, இமைக்காமல் என்னைப் பார்த்தது, மூன்று மணி தாண்டிய ஞாயிறு, பெண் பார்க்க வந்த அதே நேரம், நான் முந்தானையைச் சரிசெய்துகொண்டு நிமிர்ந்து நின்றேன், பார்க்கட்டும்.