வெளிப்பக்கம் திறக்கும் கதவு

அந்தக் கதவை வரைந்தவள் அவள்தான். வேறு யார் தலையிலும் பழியைக் கட்டிவிட்டுத் தப்பிக்க வழியில்லை.

அலுவலகத்தில் அவளுக்குக் ‘கோடு’ என்று பெயர். காலையிலிருந்து மாலைவரை வரைபடத்தில் கோடு கிழிப்பவளை வேறு எப்படிக் கூப்பிடுவார்கள்? அவள் அண்ணனை எல்லோரும் ‘பம்பு’ என்பார்கள். சுரங்க ரயில் நிலையத்தில், நடைமேடைக்கும் நாலைந்து படி கீழே இருக்கும் பம்பு அறையில் அவனுக்கு வேலை.

ஏரியைத் தூர்த்த இடத்தில் கட்டிய நிலையம் அது. முதலில் மண்ணுக்குள் சுவர்களை இறக்கி, மேலே கூரையைப் போட்டு, அதன்மேல் ரோட்டையும் திறந்துவிட்டார்கள். ஊர் தன்பாட்டுக்குப் போய்க்கொண்டிருக்க, அடியில் எலி மாதிரி தோண்டிக்கொண்டே இறங்கினார்கள். ஏரி போனதே தவிர தண்ணீர் எங்கே போனது? சுவரில் கசிவது, தண்டவாளக் கால்வாயில் ஓடுவது எல்லாம் பம்பு அறையின் குழிக்குத்தான் வந்து சேரும்.

தெருவிலிருந்து உள்ளே போக இரண்டு படி ஏறித்தான் பிறகு இறங்க வேண்டும். பாதாளத்துக்குப் போகிறவனை எதற்கு ஏறவிடுகிறார்கள் என்று திட்டாத ஆளில்லை. அந்த இரண்டு படிதான் வெள்ளத்துக்குப் போட்ட வேலி. இத்தனை வருஷமும் அது தாங்கியது.

மூன்று வருஷத்துக்கு முன்னால் பம்பு அறைக்குப் பெரிய மோட்டார் வந்தது. அன்று அண்ணன் அவளிடம் சொன்னான்: “கதவு மோட்டார்ல இடிக்குதும்மா. தினமும் ஒருக்களிச்சுத்தான் உள்ள நுழையறேன். வெளிப்பக்கம் திறக்கற மாதிரி மாத்திக் குடேன்.”

வரைபடத்தில் கதவு என்றால் ஒரு கோடு. அது எந்தப் பக்கம் திறக்குமோ அந்தப் பக்கம் ஒரு கால் வட்டம். தண்ணீர் ஏறக்கூடிய வழியை நோக்கிக் கதவு திறக்கக் கூடாது என்பது அவளுக்குத் தெரியாததல்ல. இதுவரை எட்டிப் பார்க்காத வெள்ளம் இனிமேலா வரப்போகிறது என்று, உள்பக்கம் இருந்த கால் வட்டத்தை அழித்து வெளிப்பக்கம் போட்டாள். கூடப் பிறந்தவன் கேட்டால் மாட்டேன் என்று எப்படிச் சொல்வது? மேலதிகாரி பார்க்காமலே கையெழுத்துப் போட்டார்.

இன்று மதியம் அந்த வெள்ளம் வந்துவிட்டது.

புது நுழைவாயிலுக்கு அளவெடுக்க வந்தவள், மேல்தளத்துக் கட்டுப்பாட்டு அறையில் மாட்டிக்கொண்டாள். வானம் பொத்துக்கொண்டு ஊற்றியது. இரண்டு படியையும் தாண்டித் தண்ணீர் மாடிப்படியில் அருவியாக இறங்கியது. லிஃப்ட், நகரும் படி எல்லாம் நின்றுபோயின. கீழே நின்ற ரயிலிலிருந்து இறங்கியவர்கள், தண்ணீர் முகத்தில் அறைய, கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு ஒவ்வொருவராக ஏறினார்கள். கேமராத் திரையில் அதைப் பார்த்துக்கொண்டிருந்தபோது, மேஜைமேல் இருந்த உள் தொலைபேசி அடித்தது.

“கதவு திறக்கல,” என்றான் அண்ணன். “வெளிய இடுப்பளவு தண்ணி நிக்குது போல. தோள் குடுத்துத் தள்ளிப் பார்த்துட்டேன். அசையல.”

பம்பு ஓடுவதால் அறைக்குள் தண்ணீர் நிற்கவில்லை. உள்ளே தண்ணீர் இல்லாததால், வெளியே நிற்கும் தண்ணீர் கதவை அழுத்திப் பிடித்திருந்தது. பம்பை நிறுத்தினால் குழி பொங்கி அறை நிறையும். இரண்டு பக்கமும் சமமானால்தான் கதவு நகரும். தாமதித்தால் கதவுக்கு வெளியே உள்ள நடைபாதை கூரைவரை நிறைந்துவிடும். அதற்குப் பிறகு கதவு திறந்தும் பிரயோஜனமில்லை.

“அண்ணா, பம்பை நிறுத்து. மெயினையும் அணைச்சுடு. மார்பு வரைக்கும் தண்ணி வரட்டும், அப்பறம் தள்ளு.”

“நிறுத்தினா நடைமேடைக்கு ஏறிடுமே. ஜனமெல்லாம் மேல வந்தாச்சா?”

அவள் திரையைப் பார்த்தாள். பக்கத்தில் நின்ற கட்டுப்பாட்டு அதிகாரி விரல் நீட்டி எண்ணிக்கொண்டிருந்தார். “இன்னும் பதினாலு பேர் மேடம்,” என்றார் மெதுவாக. அவளும் எண்ணியிருந்தாள்.

“இன்னும் கொஞ்சம் பேர் இருக்காங்களாம்மா? இருந்தா பம்பு ஓடட்டும். எனக்கு ஒண்ணும் ஆகாது.”

ஒன்றும் ஆகாதாம். என்ன ஆகும் என்று அவளுக்கல்லவா தெரியும். அண்ணியின் முகமும் பிள்ளைகளின் முகமும் கண்ணுக்கு முன்னால் வந்து நின்றன. உண்மையைச் சொன்னால் அவன் நிறுத்த மாட்டான். அவனை அவளுக்குத் தெரியாதா?

“எல்லாரும் ஏறிட்டாங்க அண்ணா,” என்றாள்.

அதிகாரி அவள் கையிலிருந்த தொலைபேசியைப் பிடுங்கினார். அதற்குள் அந்தப் பக்கம் மோட்டார் சத்தம் நின்றுவிட்டது.

திரையில் நடைமேடை நனைந்தது. முதலில் கணுக்கால், பிறகு முழங்கால். மாடிப்படியின் அடியில் ஒருவரை ஒருவர் பிடித்துக்கொண்டு நெருக்கினார்கள். தண்ணீர் இடுப்புக்கு வந்தபோது, பம்பு அறைப் படி வந்து சேரும் நடைமேடை ஓரத்துக் கதவு வழியாக அண்ணன் நீந்தாத குறையாக வெளியே வந்தான். அவள் வாயைப் பொத்திக்கொண்டு அழுதாள். அவன் அங்கே நின்ற கூட்டத்தைப் பார்த்தான். சட்டென்று கேமராவை நிமிர்ந்து பார்த்தான். அதோடு திரை அணைந்துவிட்டது.

அவள் படிக்கு ஓடினாள். தீயணைப்புக்காரர்கள் கயிறு விட்டிருந்தார்கள். நனைந்து, இருமிக்கொண்டு, ஒவ்வொருவராக மேலே வந்தார்கள். கடைசியில் ஒரு பெண்ணை முதுகில் சுமந்துகொண்டு அண்ணன் வந்தான். அவளை இறக்கிவிட்டுச் சுவரில் சாய்ந்து மூச்சு வாங்கினான்.

“எல்லாரும் ஏறிட்டாங்கன்னு சொன்னியே,” என்றான்.

“கதவு திறக்கணுமே அண்ணா. எனக்கு வேற வழி தெரியல.”

“கீழ எத்தனை பேர் இருந்தாங்கன்னு பார்த்தியா?”

“பதினாலு பேர்.”

அவன் படியில் உட்கார்ந்திருந்தவர்களைப் பார்த்தான். உதடு அசைய எண்ணினான். இன்னொரு தடவையும் எண்ணினான்.

“நான் பதிமூணு பேரைத்தான் ஏத்திவிட்டேன்.”

சொல்லிவிட்டு அவன் கீழே இறங்கப் போனான். தீயணைப்புக்காரர்கள் இரண்டு பேர் இடுப்போடு சேர்த்துப் பிடித்துக்கொண்டார்கள். அவளும் ஓடிப்போய் அவன் கையைப் பிடித்தாள். அவன் அவள் பிடியை மட்டும் உதறினான்.