பதினைந்து நாளில் மாற்று ஆள்

"முதுகு பிடிச்சுக்கிச்சுன்னு நடிக்கிறா அவ—"

"நடிப்பா? தரையில கிடந்தா மேடம், நாங்கதான் போயித் தூக்—"

"என்னைப் பேச விடு மாரிவிக்!"

"பேசுங்க. ஆனா நெனிதா நடிக்கல."

காலை ஏழு மணியாகியும் விடியாத, கனடாவின் ஹாமில்டன் நகரத்து ஜனவரி. கைபேசியின் ஸ்பீக்கரைப் போட்டு ஜன்னலோரம் வைத்துவிட்டு, மாரிவிக் என் கணவர் க்ளிஃபைப் புரட்டிக்கொண்டிருந்தாள். பக்கவாதம் வந்த உடம்பு, தொண்ணூறு கிலோ. கட்டில் சட்டத்தில் முழங்காலை முட்டுக்கொடுத்து, ஈர விரிப்பை மணிக்கட்டில் சுற்றி இழுத்தாள். கழுத்து நரம்பு புடைத்தது. நான் காப்பிக் கோப்பையோடு வாசலில் நின்றேன்.

மறுமுனையில் ஏஜென்சி நடத்தும் டார்லீன். மாரிவிக்கை எங்கள் வீட்டுக்கும், நெனிதாவை நாலு தெரு தள்ளி ஒரு கிழவர் வீட்டுக்கும் பிலிப்பைன்ஸிலிருந்து வரவழைத்தவள். அந்தக் கிழவரைத் தனியாகத் தூக்கித்தான் நெனிதாவின் முதுகுத்தண்டு வட்டு விலகியது.

"திங்கக்கிழமைக்குள்ள அந்த வீட்டுல அவ தங்கியிருக்கற ரூமைக் காலி பண்ணணும். மாத்து ஆள் அனுப்பறேன்."

"தூக்குற மெஷின் வாங்கச் சொல்லுங்க. வர்றவளுக்கு மட்டும் முதுகு இரும்பா?"

"உனக்கு மெஷின் இருக்கா? ஞாயித்துக்கிழமை லீவு இருக்கா? நீ முனகினியா? ஐரீனே எழுதியிருக்காங்க, ஏழு மாசத்துல ஒரு நாள்கூட லீவு கேக்காத தங்கம்னு! எங்க வெப்சைட்ல அதுதான் முதல்ல. வர்ற குடும்பமெல்லாம் அதே மாதிரி ஒருத்தி வேணும்னு நிக்குது."

ஐரீன் நான்தான். மாரிவிக் திரும்பிப் பார்க்கவில்லை. பார்த்திருக்கலாம்.

மூன்று ஏஜென்சிகள் ஏறி இறங்கி எடைபோட்டவள் நான். சமைப்பாளா, ஆங்கிலம் வருமா, குளிப்பாட்டத் தெரியுமா என்று ஒரு தாள் நிறையக் கேள்விகள். ஆள் சரிப்படாவிட்டால் பதினைந்து நாளில் மாற்று ஆள் இலவசம் என்றாள் டார்லீன். சலவை இயந்திரத்துக்கு உத்தரவாதச் சீட்டு வாங்கிய நிம்மதியோடு வீடு திரும்பினேன்.

பேச்சு முடிந்ததும், "நான் எழுதினதை அழிச்சிடறேன்" என்றேன்.

"லீவு கேக்கலன்னு யார் சொன்னா? ரெண்டு தடவை கேட்டேன். 'க்ளிஃப் தவிச்சுப் போயிடுவாரே'ன்னீங்க." சிரித்தாள். "அப்புறம் தங்கம் எப்படி மேடம் வாயத் தெறக்கும்? இந்த ஞாயிறு நான் வெளிய போறேன்."

ஞாயிறன்று மகளை வரவழைத்து அப்பாவைப் பார்க்கச் சொல்லிவிட்டு, நானும் கூடப் போனேன். தேவாலயத்தின் அடித்தளக் கூடம். பதினோரு பெண்கள், எல்லோரும் டார்லீன் வரவழைத்தவர்கள். நெனிதா நாற்காலிகளைச் சேர்த்துப்போட்டுப் படுத்திருந்தாள்.

"இந்தக் கிழவி எதுக்கு?" என்றாள் கூட்டத்தில் ஒருத்தி.

"மெதுவாடி. இவங்கதான் தங்கம் பட்டம் குடுக்கறவங்க" என்றாள் மாரிவிக்.

கூடம் சிரித்தது. நானும் சிரிக்கப் பார்த்தேன், முடியவில்லை.

மெஷின் வரும்வரை, நெனிதாவின் அறை அவளுக்கே என்று உறுதியாகும்வரை, மாற்று ஆளாக அந்த வீட்டுக்கு ஒருத்தியும் போவதில்லை. இதுதான் முடிவு. அவர்களில் நால்வர் வேலையில்லாமல் டார்லீனின் அழைப்புக்காகக் காத்திருந்தவர்கள். முதலில் உயர்ந்தவை அந்த நால்வரின் கைகள்தான்.

நூடுல்ஸ் தட்டு சுற்றி வந்துகொண்டிருக்கும்போதே அவர்களில் ஒருத்தியின் கைபேசி ஒலித்தது. டார்லீன். அவள் எடுக்கவில்லை. அடுத்து இன்னொன்று. பிறகு மற்ற இரண்டும். நால்வரும் மடியில் கை வைத்தபடி, ஒலி அடங்கும்வரை உட்கார்ந்திருந்தார்கள்.

அதன்பின் என் கைப்பைக்குள் ஒலித்தது. அதே பெயர்.

நெனிதா படுத்தபடியே என் பக்கம் முகத்தைத் திருப்பினாள்.

"எடுங்க மேடம். இப்பவாவது கேளுங்க, எங்கள எப்படிப்பட்ட வீட்டுக்கு அனுப்பறீங்கன்னு."