மிசாவோவின் தொண்டைக்கு வந்த குரல்

ஜப்பானில் ஷோவா ஆறாம் ஆண்டு, அதாவது 1931, செர்ரிப்பூ உதிர்ந்து முடிந்த வாரம், நடிகை மிசாவோ முதல் பேசும்படத்துக்காக வாயைத் திறந்தாள். ஐம்பது வயது ஆணின் கரகரத்த குரல் வந்தது. கியோத்தோ ஸ்டுடியோவில் மைக்கை மூன்று தரம் மாற்றினார்கள். பார்லித் தண்ணீர் காய்ச்சிக் கொடுத்தார்கள். குரல் அசையவில்லை. நாற்பத்து மூன்று ஊமைப்படங்களில் நடித்துப் பெயர் எடுத்தவள், பாவம், தன் வாயைத் தானே பொத்திக்கொண்டாள்.

முதலாளி இவாக்கிக்கு வாய் நீளம். "என்னம்மா இது, பாறாங்கல்ல உருட்டுற மாதிரி? காதல் வசனத்தக் கேட்டா கதாநாயகன் பயந்து ஓடிருவான்!" என்றார். வானொலியில் பாடும் பெண்ணைத் தட்டிக்குப் பின்னால் நிறுத்திப் பேசவைத்துப் படத்தை முடித்தார். மிசாவோவுக்கு இதுவே கடைசிப் படம் என்றும் சொல்லிவிட்டார்.

குரல் யாருடையது என்பது அவளுக்குத் தெரிந்தே இருந்தது. ஊமைப்படம் ஓடும்போது திரையோரம் நின்று நாயகன், நாயகி, நாய் வரைக்கும் எல்லோருக்கும் பேசுகிறவரைப் பென்ஷி என்பார்கள். கொக்குரா ஊர்க் கொட்டகையின் பென்ஷி குமகிச்சி அவளுடைய ஒரு படத்துக்கும் பேசாமல் விட்டதில்லை; அவளே அங்கே போய்க் கேட்டிருக்கிறாள். பேசும்படம் வந்ததும் அவரை வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். அன்றிலிருந்து அவருக்குப் பேச்சே இல்லை. போக்கிடம் இல்லாத குரல் பழகிய இடத்துக்குப் போயிருக்கிறது, அவ்வளவுதான்.

குரலைத் திருப்பிக் கொடுத்துவிடலாம் என்று, துணியில் முடிந்த ஊறுகாய்ப் பெட்டியோடு மிசாவோ ரயிலேறினாள். குமகிச்சி கும்பிட்டு உட்காரவைத்தார். அவர் மனைவி தகிதான் பேசினாள்.

"உங்க குரல வாங்கிக்கோங்கய்யா," என்றாள் மிசாவோ, அவருடைய குரலிலேயே.

குமகிச்சி வேகமாகத் தலையாட்டி மறுத்தார்.

"அவருக்கு எதுக்கும்மா இனிமே? மீன்காரன்கிட்ட பேரம் பேசவா? அதுக்கு நான் இருக்கேன்," என்றாள் தகி. "உங்களால பத்து வருஷம் சோறு தின்னோம். வச்சுக்கோங்க."

"உங்களாலதான்மா நான் சோறு தின்னேன்," என்று மிசாவோ பாயில் நெற்றி பட வணங்கினாள்.

அன்று பிற்பகலே அந்த ஊரில் அவளுடைய பேசும்படத்தின் முதல் காட்சி. இவாக்கியும் வந்திருந்தார். மிசாவோ, குமகிச்சி, தகி மூவரும் கடைசி வரிசையில் உட்கார்ந்தார்கள். திரையில் மிசாவோ தேன்குரலில் பேசியதும் கொட்டகை கொந்தளித்தது.

"யாருடி இவ? எங்க மிசாவோ எங்க?"

"அவ குரல் எங்களுக்குத் தெரியாதா? ஏமாத்துறானுங்க!"

பத்து வருஷம் அந்த ஊர் கேட்ட மிசாவோவின் குரல் குமகிச்சியின் கரகரப்புதானே! தாயை வழியனுப்பும் கட்டம் வந்தபோது மிசாவோ எழுந்து நின்று, திரையைப் பார்த்தபடி வசனத்தைத் தானே சொன்னாள். கொட்டகை அடங்கியது. பிறகு மீன்கடைப் பெண்கள் வாய்விட்டு அழுதார்கள். குமகிச்சியும் அழுதார், சத்தமில்லாமல். இவாக்கி மூக்கைச் சிந்திக்கொண்டு, பாறாங்கல்லையே பேசவிடலாம் என்றார்.

அதன்பின் பதினெட்டுப் படங்கள். மற்ற ஊர்கள் முதலில் சிரித்தன, இரண்டாம் படத்தில் பழகிக்கொண்டன. எல்லாப் பெயர்ப்பட்டியலிலும் மிசாவோ தன் பெயருக்குப் பக்கத்தில் குமகிச்சி பெயரையும் போடவைத்தாள். புதுப்படம் வரும் நாளில் அவர் தன் பழைய கறுப்பு அங்கியை உடுத்திக்கொண்டு கிளம்பிவிடுவார். யாராவது வாசலில் வந்து விசாரித்தால், தகி அரிசி களைந்த கையைத் துடைத்துக்கொண்டு சொல்வாள்: "வேலைக்குப் போயிருக்காரு."