மாஸ்ரர் தீர்ப்புச் சொல்லவில்லை

என் கறிவேப்பிலை மரத்தைக் கமலாம்பிகை தன்னுடையது என்று சொன்னபோது எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. என் மனுசன் அன்புராசா விதை போட்டு முளைக்கவைத்த மரம் அது. இந்தக் கனடாவில் பனி தொடங்கினால் சாடியோடு தூக்கி வீட்டுக்குள் வைத்துவிடுவார். அவர் கண்மூடிய பிறகு, வீட்டில் அவர் கைபட்ட உயிர் என்று எனக்கு மிஞ்சியது அது ஒன்றுதான். அடியில் முளைத்த பக்கக்கன்றை முதியோர் சங்கத்து மாஸ்ரர் உட்பட எத்தனையோ பேர் கேட்டார்கள். வேரில் கைவைக்க நான் விடவில்லை.

போன விண்டருக்கு மிசிசாகாவில் மகளோடு நின்றதால், மல்வேர்னில் அடுத்த வீட்டுக் கமலாம்பிகையிடம் அதைப் பார்க்கச் சொல்லிக் கொடுத்தேன். திரும்பி வந்து கேட்டால், "அது பட்டுப்போச்சு, அன்ரனெற். நான்தான் திரும்பத் தளிர்க்க வைச்சனான். இனி அது என்ரை," என்கிறாள். என்ன துணிச்சல் பாருங்கள்!

வழக்கு எங்கள் முதியோர் சங்கத்துக்குப் போனது. தலைவர் ஸ்ரீஸ்கந்தராசா மாஸ்ரர் ஊரில் சரித்திரம் படிப்பித்தவர்.

"பழைய ரோமாபுரியிலை பிரேற்றர் எண்டு ஒரு நீதி அதிகாரி இருந்தவர். அவர் தீர்ப்புச் சொல்லமாட்டார். ரெண்டு பக்கத்தையும் கேட்டு, எதைத் தீர்க்கவேணும் எண்டு மட்டும் வகுத்துக் குடுப்பார். ரெண்டு பேரும் ஒத்துக்கொள்ளுற ஆள்தான் தீர்ப்புச் சொல்லுறது. நானும் அப்பிடியே செய்யிறன்," என்றார்.

தீர்ப்பையே விட்டுக்கொடுக்கிற மனுசன்மேல் என்ன சந்தேகம்? மற்ற எல்லார்மேலும்தான் எனக்குச் சந்தேகம். தீர்ப்புச் சொல்ல ஜெனாட்டைச் சொன்னார்கள். அவன் கமலாம்பிகை வீட்டுப் புட்டுக்கு அலைகிறவன், வேண்டாம். ஸ்ரீதரனைச் சொன்னார்கள். அவன் மனைவியும் இவளும் ஒரே பஸ்ஸில் கோயிலுக்குப் போகிறவர்கள், அவனும் வேண்டாம். கடைசியில் தையற்கடை ஸபீராவை நானே சொன்னேன். அவளை ஒருவராலும் வளைக்க முடியாது.

கமலாம்பிகை உடனே தலையாட்டினாள். அதுவும் எனக்குப் பிடிக்கவில்லை. ஏன் இவ்வளவு கெதியாக ஒத்துக்கொள்கிறாள்? இவள் ஸபீராவுக்குக் கண் காட்டுகிறாளோ என்று அவள் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தேன். மாஸ்ரர் ஏதோ சொல்லி முடித்து, "சரியோ, பிள்ளை?" என்றார்.

"ஓம், ஓம்," என்றேன்.

எல்லாவற்றையும் விசாரித்துவிட்டு ஸபீரா எழும்பினாள். "'பட்டுப்போன மரத்தை ஆர் தளிர்க்க வைச்சதோ, மரம் அவருக்கு.' மாஸ்ரர் எனக்கு வகுத்துத் தந்தது இதுதான். தளிர்க்க வைச்சது கமலாம்பிகை அக்கா."

"மரம் ஆரின்ரை எண்டு சொல்லடி!" கத்திவிட்டேன்.

"அதை என்னட்டை ஒருத்தரும் கேக்கேல்லையே, அக்கா. நீங்களும் ஓம் எண்டுதானே சொன்னீங்க." அவளுக்குக் கண் கலங்கியிருந்தது.

அடுத்த கிழமை மாஸ்ரர் கமலாம்பிகை வீட்டிலிருந்து சின்னச் சாடியொன்றைக் கையில் ஏந்திக்கொண்டு வந்தார். அதற்குள் என் மரத்தின் பக்கக்கன்று நின்றது. என்னைக் கண்டதும் அவரும் நின்றார்.

"நான் தீர்ப்புச் சொல்லேல்லையே, பிள்ளை," என்றார்.

நான் அவரிடம் ஒன்றும் கேட்டிருக்கவில்லை.